ஸ்டெல்லா பத்மநாபன் ஒன்பது முறை வந்தாள்

நாலு மணிவரைக்கும் இவனைத் தூங்க விடக் கூடாது, நாலு மணிக்கு இவன் தூங்கியாக வேண்டும், இரண்டும் என் பொறுப்பு, இப்போது மணி இரண்டு ஐந்து. காதுப் பரிசோதனை அறைக்கு வெளியே நாலு நீல நாற்காலிகளையும் ஒரே இரும்புச் சட்டத்தில் கோத்திருக்கிறார்கள். அந்தக் கோடியில் அத்தை அசைந்தால் இந்தக் கோடியில் நான் அசைகிறேன், என் மடியில் செழியன் அசைகிறான், அசைந்தால் விழித்துக்கொள்கிறான், அதனால் அத்தை அசைவது நல்லதுதான், அசையட்டும், மாமியாரைப் பற்றி நான் நல்லபடியாக நினைக்கிற முதல் விஷயம் இதுவாக இருக்கும். மூன்றரை மாசம் ஆகிறது இவனுக்கு. தூக்கம் வந்தால் இமை மூடுவதற்கு முன்னால் கருவிழி மெல்ல மேலே ஏறும், அப்போது ஈரத்துணியால் உள்ளங்காலைத் தொடச் சொல்லியிருக்கிறார்கள். நன்றாக அசந்து தூங்கும்போதுதான் தலையில் ஒயர் ஒட்டிக் காதுக்குள் டிக் டிக் என்று சத்தம் விட்டு, அது மூளைக்குப் போய்ச் சேருகிறதா என்று மெஷின் பார்க்குமாம். போய்ச் சேருகிறதா. உலகத்தில் எனக்கு இருக்கிற ஒரே கேள்வி இது, ஆனால் இதை நேருக்கு நேர் நினைக்க முடியவில்லை, வெயிலைப் பார்ப்பது மாதிரி இருக்கிறது, உடனே முகத்தைத் திருப்பிக்கொள்கிறேன், திருப்பினால் அந்தப் பக்கம் எப்போதும் ஸ்டெல்லா பத்மநாபன்தான் நிற்கிறாள், வலது கையில் பொம்மையோடு.

ஸ்டெல்லா பத்மநாபனை உங்களுக்குத் தெரிந்திருக்காது. நான் பிறப்பதற்குப் பத்து வருஷம் முன்னால், டிவியில் ஒரே ஒரு சேனல் இருந்த காலத்தில், பல்சுவைப் பந்தல் என்று ஒரு நிகழ்ச்சி வந்திருக்கிறது. முதலில் ஒரு நாட்டியம், அப்புறம் வீணை வாசிக்கிற எட்டு வயதுப் பெண், அப்புறம் சீட்டுக்கட்டு மந்திரவாதி, அப்புறம் நாலு நிமிஷத்துக்கு இவள், அப்புறம் பெரிய பாடகர் யாராவது. முதல் ஆளாக ஒரு தடவையும் வந்ததில்லை, கடைசி ஆளாகவும் வந்ததில்லை. பெரிய பாடகர் சட்டை மாற்றிக்கொண்டு வருகிற நேரத்தை நிரப்ப அவளைக் கூப்பிட்டிருப்பார்களோ என்று தோன்றும். உதடு அசைக்காமல் பேசுவாள். மடியில் ஜாங்கிரி என்று ஒரு பொம்மை, இரட்டைப் பின்னல், முன் பல் ஒன்று இல்லாத வாய். யாரோ ஒரு புண்ணியவான் பழைய வீடியோ கேசட்டுகளைத் தேடி எடுத்து யூடியூபில் ஏற்றி வைத்திருக்கிறார், மொத்தம் ஒன்பது துண்டுகள், ஒவ்வொன்றின் கீழ்ப் பக்கமும் புழு மாதிரிக் கோடுகள் நெளிகின்றன. இவனுக்குப் பால் கொடுக்கும்போது தானாக வந்து நின்றது முதல் துண்டு. அதற்கு இருநூற்றுப் பன்னிரண்டு பார்வைகள். அதில் பாதி நானாக இருப்பேன். தொகுப்பாளர் இறுக்கமான சஃபாரி சட்டை போட்ட மனிதர், ஒரு தடவை ஸ்டெல்லா பத்மாவதி என்று கூப்பிட்டார், இன்னொரு தடவை வெறும் திருமதி பத்மநாபன். அவள் திருத்தவே இல்லை. ஜாங்கிரிதான் கழுத்தைச் சாய்த்து, "என்ன சார், சட்டை தைச்ச டெய்லர்கிட்ட சண்டையா?" என்று கேட்டது, கூட்டம் அப்படிச் சிரித்தது. சிரிப்பு முழுக்கப் பொம்மைக்கு. அவள் பக்கத்தில் ஒன்றும் தெரியாதவள் மாதிரி, கொஞ்சம் சங்கடப்படுகிற அக்கா மாதிரி, இந்தப் பெண் இப்படித்தான் சார் வாய்த்துடுக்கு, மன்னித்துக்கொள்ளுங்கள் என்கிற முகத்தோடு உட்கார்ந்திருந்தாள். தானே சொன்ன ஜோக்குக்குத் தானே சங்கடப்படுகிற முகத்தை வைக்க எவ்வளவு சாமர்த்தியம் வேண்டும். எவ்வளவு பெரிய மனசு வேண்டும்.

"ஏம்மா மிருணா, எப்பப் பாரு அந்தப் பொம்மைக்காரியவே பாத்துட்டு இருக்க. பிள்ள முகத்தப் பாரு, சொக்குறான்."

"பாத்துட்டுத்தான் இருக்கேன் அத்தை."

"ஒரு காதுல வயர மாட்டிக்கிட்டா என்னத்தப் பாப்ப? கொண்டா இங்க. யாரு, இவளா? அட, இவள எனக்குத் தெரியுமே. பக்கத்து வீட்டு டிவில பாத்திருக்கேன். பொம்மைக்கு மட்டும் ஒவ்வொரு தடவையும் புதுப் பாவாடை. இவ அதே மூணு புடவைய மாத்தி மாத்திக் கட்டிட்டு வருவா."

நான் எண்ணிப் பார்த்தேன். ஒன்பது துண்டுகளில் மூன்று புடவைகள். அத்தை சொல்வது சரி. முப்பது நாற்பது வருஷத்துக்கு முன்னால் அடுத்த வீட்டு ஜன்னலில் பார்த்ததை இவ்வளவு சரியாகச் சொல்கிறார்கள், இவர்கள் கண்ணுக்கு எதுவும் தப்பாது. உடனே இவன் காலில் ஈரத்துணியை வைத்தேன். இவன் கண்ணை விரித்தான். நர்ஸ் வந்து எட்டிப் பார்த்து, "தலையில எண்ணெயா வச்சிருக்கீங்க? ஒயர் ஒட்டாதுன்னு சீட்டுல எழுதியிருக்கே!" என்று கத்த, அத்தை விடுவார்களா, "எண்ணெய் இல்லாத தலையோட பிள்ளைய வெளிய தூக்கிட்டு வர்ற வழக்கம் எங்க வீட்ல இல்லம்மா" என்று சொல்லிவிட்டு, சொன்ன வேகத்திலேயே இவனை அள்ளிக்கொண்டு வாஷ்பேசினுக்குப் போய், நர்ஸ் கொடுத்த ஷாம்பூவைப் போட்டு அலசி, தன் புடவைத் தலைப்பால் துடைத்துக் கொண்டுவந்து கொடுத்தார்கள். இவன் அலறினான். கால் மணி நேரம் தூக்கம் தள்ளிப்போனது. என்ன குரல். தொண்டையில் ஒரு குறையும் இல்லை. அத்தைக்குப் பெருமை தாங்கவில்லை, "கேட்டியா, இவங்க அப்பன் தொண்டை" என்றார்கள். நான் கேட்டேன். அத்தை கேட்டார்கள். காரிடாரின் அந்தக் கோடியில் இருந்த வாட்ச்மேன் வரைக்கும் கேட்டிருக்கும். நிறுத்து. இப்படிப் பட்டியல் போட ஆரம்பித்தால் கடைசிப் பெயருக்கு வந்து நிற்க வேண்டியிருக்கும்.

அத்தைக்கு இது எல்லாக் குழந்தைக்கும் எடுக்கிற டெஸ்ட். நான் அப்படித்தான் சொல்லியிருக்கிறேன். பிறந்த மூன்றாம் நாள் காதில் சின்னக் கருவியை வைத்துப் பார்த்து, மறுபடி பார்க்கணும் என்று எழுதிக் கொடுத்தார்கள், காதில் இன்னும் ஈரம் இருக்குமாம் என்றேன், அது அவர்களே சொன்னது, பொய் இல்லை. ஆறாவது வாரம் தடுப்பூசிக்கு நான் தனியாக ஆட்டோவில் வந்தேன், அத்தை ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார்கள், மறுபடி வைத்துப் பார்த்தார்கள், இரண்டு காதிலும் பதில் வரவில்லை, மூன்று மாசம் முடிந்ததும் பெரிய டெஸ்டுக்கு வாங்க என்றார்கள். வீட்டுக்குப் போய் மெஷின் ரிப்பேர் என்றேன். அது பொய். கான்வென்ட்டில் வெள்ளிக்கிழமை கடைசிப் பீரியடில் சிஸ்டர் பெர்னதீன் எங்களைக் கண்ணை மூடச் சொல்லி அந்த வாரத்துப் பொய்களை மனசுக்குள் எண்ணச் சொல்வார், நான் இந்துப் பெண், பாதிரியாரிடம் பாவத்தை ஒப்பிக்கிற பாவசங்கீர்த்தனத்துக்குப் போக வேண்டியதில்லை, எண்ணினால் போதும், அதனால் எனக்கு எண்ண மட்டும்தான் தெரியும், எண்ணியதை எங்கே கொண்டுபோய்க் கொட்டுவது என்று தெரியாது. பன்னிரண்டு வருஷம் எண்ணினேன். இந்த இரண்டு மாசத்துக்கு எண்ணவில்லை.

ஏனென்றால் வாயால் சொன்ன பொய் ஒன்றிரண்டுதான். மிச்சமெல்லாம் கை செய்தது. இரண்டு மாசம் முன்னால் ஒரு ஞாயிற்றுக்கிழமை, என் நாத்தனார் வந்திருந்தாள், இவன் என் மடியில் மல்லாந்து கிடந்தான், அவள் இவன் தலைக்குப் பின்னால் நின்று பட்டென்று கை தட்டினாள். இவன் ஃபேனைப் பார்த்துக்கொண்டிருந்தான். மறுபடி தட்டினாள். ஃபேன். "என்னடி இது, திரும்பவே மாட்டேங்குறான்?" என்றாள், சும்மா, விளையாட்டாக, ஆனால் கூடத்தில் ஒரு அமைதி இறங்கியது, என் கணவர் திலீபன் செய்தித்தாளைத் தாழ்த்தினார், அத்தை இடுப்புச் சாவிக்கொத்தை உருவினார்கள். என் இடது கை இவன் முதுகுக்கு அடியில் இருந்தது. அத்தை சாவியைக் குலுக்கியபோது என் கட்டைவிரல் இவன் தோள்பட்டையில் ஒரு சின்ன அழுத்து அழுத்தியது. இவன் தலை அந்தப் பக்கம் திரும்பியது. "திரும்பிட்டான் பாரு, திரும்பிட்டான்! என் ராசா!" அமைதி கலைந்தது, திலீபன் செய்தித்தாளைத் தூக்கிக்கொண்டார், நாத்தனார் காபி கேட்டாள். அவ்வளவு சுலபம். அதற்கப்புறம் தினம். சாவி, டம்ளர், பூஜை மணி, பிரஷர் குக்கர் விசில். வலப்பக்கச் சத்தத்துக்கு வலது தோள், இடப்பக்கத்துக்கு இடது. கொஞ்சம் தாமதித்து அழுத்தினால் இன்னும் நிஜமாக இருக்கும் என்று தெரிந்துகொண்டேன். திலீபன் ஓசூரிலிருந்து வாரம் ஐந்து நாள் வீடியோ காலில் பாடுகிறார், திரையில் அவர் முகம் ஆடுவதைப் பார்த்து இவன் பொக்கை வாயால் சிரிக்கிறான், "பாட்டுன்னா உயிர் இவனுக்கு" என்று கம்பெனியில் எல்லோரிடமும் சொல்லி வைத்திருக்கிறார். நான் போனைப் பிடித்துக்கொண்டு நிற்கிறேன். எங்கள் பழைய தெருவில் இஸ்திரி போடுகிறவர் ஒருவர் இருந்தார், அவருக்கும் ஒரு பெயர் இருந்திருக்கும், பதினெட்டு வருஷத்தில் அதை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை, தெருவே அவர் காதைச் சொல்லித்தான் அவரைக் கூப்பிட்டது, அவருக்குக் கேட்காது என்பதால் யாருக்கும் கூச்சமும் இல்லை. என் கட்டைவிரல் அவருக்குப் பயந்துதான் அழுத்துகிறது.

ஸ்டெல்லாவின் கை எங்கே இருந்தது? ஜாங்கிரியின் முதுகில். பாவாடைக்கு மேலே, சட்டையின் பின்பக்கம், ஒரு திறப்பு, அதற்குள் வலது கை மணிக்கட்டு வரைக்கும். நாலாவது துண்டில் காமிரா தவறுதலாகப் பக்கவாட்டில் போய்விடுகிறது, ஒரு விநாடி அந்தத் திறப்பு தெரிகிறது. அதைப் பார்த்த அன்றைக்கு நான் போனைக் குப்புறக் கவிழ்த்து வைத்தேன். என் கையும் அங்கேதான். அதே இடம். ஆனால் அவள் செய்வது வேறே, இல்லையா, பொம்மையை அவள்தான் பேச வைக்கிறாள் என்று மண்டபத்தில் எல்லோருக்கும் தெரியும், தெரிந்தும் அவர்கள் பொம்மையைப் பார்க்கிறார்கள், அதுதான் அவள் வித்தை, யாரையும் அவள் ஏமாற்றவில்லை. நான். சரி, விடு. அவளைப் பற்றி நினை. மூன்றாவது துண்டில் தொகுப்பாளர் கேட்டார், "பகல்ல என்ன வேலை பாக்கறீங்க?" அவள் சொன்னாள், டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டர். உடனே ஜாங்கிரி, "அதான் சார், நாள் கணக்கா லைன்ல காத்திருக்கச் சொல்றது எங்க அக்காதான்!" அவளை நான் எத்தனையோ விதமாகக் கற்பனை செய்திருக்கிறேன், பகலில் எட்டு மணிநேரம் முகம் இல்லாத குரலாக உட்கார்ந்து, சாயங்காலம் பஸ்ஸில் பொம்மையைத் துணிப்பையில் போட்டு மடியில் வைத்துக்கொண்டு போய், விளக்கு வெளிச்சத்தில் குரல் இல்லாத முகமாக உட்கார்ந்திருக்கிறாள். ஒன்பது தடவை. அதற்கப்புறம் கூப்பிடவில்லையோ, இவள் போகவில்லையோ, தெரியாது. தேடிப் பார்த்தேன். அவள் பெயரில் ஒரு பக்கம்கூட இல்லை.

ஜாங்கிரி அவளை அக்கா என்றுதான் கூப்பிடும். ஐந்தாவது துண்டில் தொகுப்பாளர், "ஏன் ஜாங்கிரி, இவங்க உனக்கு அம்மா இல்லையா?" என்று மடக்கினார். அது, "எங்கிட்ட ஏன் கேக்கறீங்க? எங்க அக்காகிட்ட கேளுங்க" என்று சொல்லித் தப்பியது. ஏன் அம்மா என்று சொல்லவில்லை என்று இரண்டு நாள் மண்டையைக் குடைந்தது. அப்புறம் குளியலறைக் கண்ணாடி முன்னால் பல்லைக் கடித்துக்கொண்டு நானே சொல்லிப் பார்த்தபோது தெரிந்தது. உதடு ஒட்டாமல் அம்மா வராது. அப்பா வராது. பால் வராது, பாப்பா வராது, வா வராது, போ வராது. குழந்தைக்கு முதலில் வருகிற சொல் எல்லாம் உதட்டில்தான் இருக்கிறது, உதடு ஒட்டிச் சொல்ல வேண்டிய சொல், அதை எல்லாம் வெட்டி எறிந்துவிட்டு மிச்சம் இருக்கிற எழுத்துகளில் அவள் நாலு நிமிஷம் மண்டபத்தையே சிரிக்க வைத்தாள், உட்கார்ந்து எழுதியிருப்பாள், சமையல் முடித்து, நோட்டுப் புத்தகத்தில், இந்தச் சொல் ஆகாது, இது ஆகும் என்று அடித்து அடித்து. சிஸ்டர் பெர்னதீன் எங்களுக்குச் சொன்னதற்கு நேர் எதிர். மேடையில் ஒப்பிக்கும்போது மூன்று விரல் நுழைகிற மாதிரி வாயைத் திறக்கணும், கடைசி வரிசையில் இருக்கிறவளுக்குக் கேட்காவிட்டாலும் உன் உதடு தெரியணும் என்பார், எனக்குச் சிரிப்பாக இருக்கும். கேட்காவிட்டாலும் உதடு தெரியணும். இவனுக்கு அப்படித்தானோ. இவன் எப்போதும் என் வாயைத்தான் பார்க்கிறான், கண்ணைப் பார்ப்பதில்லை, அத்தை கூடச் சொன்னார்கள், இவன் ஒரு சாப்பாட்டு ராமன் ஆவான், வாயையே பாக்குறான் என்று.

மணி மூன்று பத்து. கருவிழி மேலே போகிறது. ஈரத்துணி போதவில்லை, காய்ந்துவிட்டது. நான் குனிந்து ஜாங்கிரி மாதிரி, பல்லைக் கடித்துக்கொண்டு, உதட்டை அசைக்காமல், "செழியா, கண்ணா, என்ன ராஜா" என்றேன். நன்றாகவே வந்தது, இரண்டு வாரமாகப் பழகுகிறேன் அல்லவா, அந்தக் கோடியில் அத்தை திடுக்கிட்டுச் சுற்றும் முற்றும் பார்த்தார்கள். இவன் என் வாயைப் பார்த்தான். அசையாத வாய். சுவாரசியம் இல்லாமல் கண் நழுவி மேலே ஏறியது. இன்னும் உரக்க, உதடு அசையாமல், "செழியா!" கண் சொக்கியது. நான் இதைச் செய்ய நினைக்கவில்லை, சத்தியமாக, இவனை விழிக்க வைக்கத்தான், சோதிக்க அல்ல, இரண்டு மாசமாக நான் தனியாக இருக்கும்போது ஒரு தடவைகூட இவன் பின்னால் நின்று கூப்பிட்டதில்லை, கூப்பிடாமல் இருக்கவே பார்த்துப் பார்த்து நடந்தேன், இப்போது ஒரு பொம்மைக்குரலில் தவறிப்போய்க் கூப்பிட்டுவிட்டேன். அப்புறம் வாய் தானாகத் திறந்தது. சத்தமே இல்லாமல், அம்மா என்று, மூன்று விரல் நுழைகிற அளவுக்கு. இவன் முழித்துக்கொண்டு, இரண்டு காலையும் உதைத்து, வாயெல்லாம் விரித்துச் சிரித்தான். தூக்கக் கலக்கம். பாதித் தூக்கத்தில் யாருக்கும் கேட்காது. பெரியவர்களுக்கே கேட்காது. தலை கழுவியதில் காதில் தண்ணீர் போயிருக்கும். இருக்கும் அல்லவா?

"யாரோ கீச்சுக் குரல்ல இவன் பேரச் சொன்ன மாதிரி இருந்துச்சே" என்றார்கள் அத்தை.

"நான்தான் அத்தை. அந்தப் பொம்மை மாதிரி."

"அடக் கடவுளே. ஆஸ்பத்திரில வந்து செய்யற வேலையா இது? ஒரு நிமிஷம் உசிரே போயிருச்சு." சொல்லிவிட்டுச் சிரித்தார்கள். "இன்னொருக்கா சொல்லு."

எட்டாவது துண்டை எடுத்தேன். எல்லாவற்றையும்விட நான் அதிகம் பார்த்தது அதைத்தான். பழுப்புக் கரை போட்ட புடவை, மூன்றில் அதுதான் நல்லது. வழக்கம்போல வந்து உட்கார்கிறாள், "என்ன ஜாங்கிரி, சௌக்கியமா?" என்கிறார் தொகுப்பாளர், பொம்மையின் கீழ்த்தாடை ஒரு தடவை இறங்கி, டக்கென்று ஏறி மூடிக்கொள்கிறது. அப்புறம் திறக்கவில்லை. உள்ளே கயிறு அறுந்திருக்க வேண்டும். எதிரே நூறு பேர், நேரடி ஒளிபரப்பு, நாலு நிமிஷத்தில் மூன்றே முக்கால் நிமிஷம் மீதி இருக்கிறது. இரண்டு விநாடி ஒன்றும் நடக்கவில்லை. அந்த இரண்டு விநாடியை நான் நிறுத்தி நிறுத்திப் பார்த்திருக்கிறேன், அவள் முகத்தில் பயம் வருவது தெரியும், நெற்றியிலிருந்து கீழே இறங்கும், பாவனைப் பயம் அல்ல, என் பயம் மாதிரியே பயம். நானாக இருந்தால் என்ன செய்திருப்பேன் என்று எனக்கு நன்றாகத் தெரியும். பொம்மை முகத்தைத் தோளில் சாய்த்துக்கொண்டு, இன்றைக்கு இவளுக்கு வெட்கம் சார் என்றிருப்பேன். அவள் பொம்மையை நேராகக் காமிராவைப் பார்த்துத் திருப்பினாள். தன் சொந்தக் குரலில் சொன்னாள், "சார், இவளுக்கு வாய் திறக்கல. உள்ள கயிறு அறுந்துடுச்சு." அவ்வளவுதான். எல்லோரும் பார்க்கட்டும் என்று அந்த மூடின வாயை வெளிச்சத்தில் பிடித்துக்கொண்டிருந்தாள். யாரும் சிரிக்கவில்லை. அப்புறம் ஜாங்கிரி மெல்லத் தலையைத் தூக்கி அவளைப் பார்த்தது. பார்த்ததும் அவளுடைய தாடை, அவளுடைய சொந்தத் தாடை, மரத்தால் செய்தது மாதிரி டக் டக் என்று இறங்கி ஏறியது, உள்ளேயிருந்து ஜாங்கிரியின் குரல், "அம்மாடி! வாய் போனா போகட்டும், அக்கா வாய இரவல் வாங்கிட்டேன்!" கண் இமைக்கவில்லை, கழுத்து விட்டு விட்டுத் திரும்பியது, இடது கை கட்டைபோலத் தொங்கியது, அவள்தான் இப்போது பொம்மை, மடியில் வாயை மூடிக்கொண்டிருக்கிற ஜாங்கிரி வித்தைக்காரி. மண்டபம் இரண்டு நொடி கழித்துத்தான் புரிந்துகொண்டு இடிந்தது. அந்தத் தொகுப்பாளரும் லேசுப்பட்டவர் இல்லை, மரியாதையாக ஜாங்கிரியிடம் குனிந்து, "உதடே அசையாம இந்த அக்காவ இவ்ளோ நல்லா பேச வைக்கிறியே, எங்கம்மா கத்துக்கிட்ட?" என்று கேட்டார். எட்டுத் துண்டுகளில் முதல் தடவையாக, அந்த அம்மாடியில், ஜாங்கிரியின் குரல் அம்மா என்று சொல்கிறது, அதை நான் எத்தனையாவது முறை பார்த்தபோது கவனித்தேனோ, அழுதேன், பால் குடித்துக்கொண்டிருந்தவன் முகத்தில் விழுந்தது. கீழே ஒரே ஒரு ஆள் கருத்து எழுதியிருக்கிறார், பொம்மை வாய் வேலை செய்யலை, வேஸ்ட் என்று. அந்த ஆளைத் தேடிப் பிடித்து அறையலாம் என்று இருந்தது. அவர் பார்த்தது வேறே வீடியோ. சிரிப்பு வந்தது அவள் சாமர்த்தியத்தால் என்றுதான் முதலில் நினைத்திருந்தேன், அது இரண்டாவது, அதற்கு முன்னால் சிரிப்பே இல்லாத அந்த நாலு விநாடி, திறக்கல என்று சொல்லிவிட்டு அப்படியே உட்கார்ந்திருந்தாளே, அதற்கு எவ்வளவு தைரியம் வேண்டும், நாளைக்கு மறுபடி கூப்பிடுவார்களா என்று தெரியாத நாலு நிமிஷக்காரி, மூன்று புடவைக்காரி.

"மிருணாளினி பேபி!" கதவு திறந்தது. நாலு மணி ஆகவில்லை, மூன்று நாற்பதுதான், முன்னால் இருந்தவர்கள் வரவில்லையாம். சுவர் முழுக்கத் தக்கை ஒட்டிய சின்ன அறை, கதவைச் சாத்தினால் காதில் பஞ்சு அடைத்த மாதிரி. சோதிக்கிற பெண்ணுக்கு என் வயசுதான் இருக்கும், ஷஹானா என்று அட்டையில் போட்டிருந்தது, அட்டையைப் பார்த்தேன், அவள் முகத்தைப் பார்க்கத் தைரியம் வரவில்லை. "தூங்க வைக்கிறதுக்கு முன்னாடி சும்மா ஒரு தடவ பாத்துடறேன். மடியில வச்சுக்கங்க, தலை ஃப்ரீயா இருக்கட்டும்" என்று ஒரு சின்னப் பித்தளை மணியை எடுத்துக்கொண்டு எனக்குப் பின்னால் போனாள். எதிரே ஸ்டூலில் அத்தை, முன்னால் சாய்ந்து, இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றி. வலப்பக்கம் மணி அடித்தது. நான் நினைக்கவில்லை. நினைக்க நேரமே இல்லை. இரண்டு மாசப் பழக்கம், கட்டைவிரல் தானாக அழுத்தியது, கொஞ்சம் தாமதித்து, நிஜமாக இருக்கிற மாதிரி. இவன் தலை வலப்பக்கம் திரும்பியது. "குட்" என்றாள் ஷஹானா, வந்து தாளில் எழுதினாள். அத்தை என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினார்கள். நான் அந்தத் தாளைப் பார்த்தேன். வலது என்பதற்கு எதிரே நீல மையில் ஒரு டிக். என் கட்டைவிரலின் டிக். அது இனிமேல் ஃபைலுக்குள் போகும், டாக்டர் மேஜைக்குப் போகும், மெஷின் ஒன்று சொல்லும், தாள் ஒன்று சொல்லும், இன்னும் ஆறு மாசம் பார்க்கலாம் என்பார்கள், இவன் அந்த ஆறு மாசமும் ஃபேனைப் பார்த்துக்கொண்டு கிடப்பான், யாரும் இவனிடம் வாயைத் திறந்து ஒன்றும் சொல்ல மாட்டார்கள், ஏனென்றால் இவனுக்குக் கேட்கிறது, அம்மா கேட்க வைத்திருக்கிறாள். ஷஹானா மணியை இடக் கைக்கு மாற்றிக்கொண்டு மறுபடி பின்னால் நகர்ந்தாள். என் கைக்கு அடியில் இவன் முதுகு சூடாக இருந்தது.

"மேடம், அத அடிச்சிருங்க."

"எத?"

"ரைட்ல டிக் போட்டீங்கல்ல. அவன் திரும்பல. நான் திருப்பினேன்."

அறையில் அந்தத் தக்கைச் சுவர்கள் இருந்ததால் நான் சொன்னது எங்கேயும் எதிரொலிக்காமல் அப்படியே நின்றது. ஷஹானா முன்னால் வந்து என் கையைப் பார்த்தாள். "தெரிஞ்சேவா செஞ்சீங்க?" "ஆமா." அவள் டிக்கின் மேல் கோடு போட்டாள். நான் இவனைத் தூக்கி அத்தை மடியில் வைத்தேன். "நீங்க வச்சுக்குங்க அத்தை. கைய மட்டும் அசைக்காதீங்க." அத்தை கண்ணாடிச் சாமானைப் பிடிக்கிற மாதிரி இவனைப் பிடித்துக்கொண்டார்கள். இடப்பக்கம் மணி அடித்தது. இவன் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான். வலப்பக்கம். என்னை. ஷஹானா மணியை வைத்துவிட்டு ஒரு சின்ன மேளத்தை எடுத்துத் தட்டினாள், நான் அதிர்ந்தேன், அத்தை அதிர்ந்தார்கள், அத்தை அதிர்ந்ததில் இவன் ஒரு தடவை அண்ணாந்து அவர்கள் தாடையைப் பார்த்துவிட்டு மறுபடி என் பக்கம் திரும்பினான்.

"எத்தன நாளா?" என்றார்கள் அத்தை. என்னைப் பார்க்கவில்லை, இவன் உச்சந்தலையைப் பார்த்துக் கேட்டார்கள்.

"ரெண்டு மாசமா."

திட்டுவார்கள் என்று காத்திருந்தேன். எனக்கு அது வேண்டியிருந்தது.

"ரெண்டு மாசமா தனியாவாடி வச்சிருந்த?"

ஷஹானா இப்போது தூங்க வைக்கலாம் என்று விளக்கைக் குறைத்தாள். அத்தை இவனை என்னிடம் திருப்பித் தரவில்லை. எழுந்து, தோளில் சாய்த்துக்கொண்டு, நாலு அடி அந்தப் பக்கம், நாலு அடி இந்தப் பக்கம் என்று நடக்க ஆரம்பித்தார்கள். ராராரோ என்று ஒரு தாலாட்டை எடுத்தார்கள், முதல் அடியிலேயே நின்றார்கள், அரை இருட்டில் என்னைப் பார்த்தார்கள். பாடட்டுமா, எதற்குப் பாட வேண்டும் என்று கேட்கிற முகம்.

"பாடுங்க அத்தை" என்றேன். "உங்க நெஞ்சுலதான் படுத்திருக்கான். அதிர்றது தெரியும்."